கருமணலிலிருந்து பிரிந்து வந்தவை



அதிகம் பேர் அறியாத தனிமங்களைப் பற்றிப் பேச வேண்டும் என்று கேட்டுக்கொண்டார்கள். தனிம அட்டவணையில் 118 கட்டங்கள் இருக்கின்றன. இரும்பு, செம்பு, தங்கம், ஆக்சிஜன் என்று ஒரு முப்பது பெயரை நம்மில் பலரும் சொல்லிவிடுவோம். மற்றவற்றை எங்கே போய்ப் பார்ப்பது என்ற கேள்விக்கு, நாகர்கோவிலில் நின்று பேசுகிறவனுக்குப் பதில் தேட வேண்டிய சிரமமே இல்லை. இங்கிருந்து இருபது கிலோமீட்டருக்குள் மணவாளக்குறிச்சி இருக்கிறது. அங்கே அலை ஒதுக்கிவிட்டுப் போகும் கருமணலில் டைட்டானியம், சிர்க்கோனியம், ஹாஃப்னியம், தோரியம், சீரியம், லாந்தனம், நியோடிமியம், பிரேசியோடிமியம், சமாரியம் என்று ஒரு கூட்டமே இருக்கிறது.

கன்னியாகுமரியின் சங்குக் கடைகளில் விற்கும் மணல் பொட்டலம் ஒன்றைப் பிரித்து இந்த வெள்ளைத் தாளில் கொட்டியிருக்கிறேன். முன்வரிசை மாணவர்கள் எழுந்து வந்து பாருங்கள். பள்ளிக்கூடத்து லாடக் காந்தத்தைக் காட்டினால் இந்த மணல் அநேகமாக அசையாது. இதோ, பழைய கணினியின் ஹார்ட் டிஸ்கிலிருந்து கழற்றிய காந்தம். விரல் நகத்தைவிடக் கொஞ்சம் பெரியது. இதைத் தாளில் சுற்றி மணலருகே கொண்டுபோனால் கறுப்புத் துகள்கள் எழும்பி வந்து மயிர்க்கால் போல நட்டுக்கொண்டு நிற்கின்றன. அது இல்மனைட், இரும்பும் டைட்டானியமும் சேர்ந்த ஆக்சைடு. இன்னும் நெருக்கமாகக் கொண்டுபோனால் சிவப்புத் துகள்கள் மெல்ல நகர்கின்றன. அது கார்னெட். மிஞ்சியதை உருப்பெருக்கியில் பாருங்கள். கண்ணாடிச் சில்லுபோல நிறமில்லாமல் மின்னுவது சிர்க்கான். நடுவே அங்கொன்றும் இங்கொன்றுமாக, தேன் நிறத்தில், முனை மழுங்கி உருண்டிருப்பது மோனசைட். என்னுடைய பேச்சின் பெரும்பகுதி அந்தத் தேன் நிறத் துகளைப் பற்றியதுதான்.

மணவாளக்குறிச்சி மணல் ஆலையில் நடப்பதும் இதேதான், பெரிய அளவில். முதலில் எடை வித்தியாசத்தை வைத்துத் தண்ணீரில் அலசிச் சாதாரண மணலை ஒதுக்குகிறார்கள். பிறகு உலர்த்தி, உயர் மின்னழுத்தம் ஏற்றிய உருளைகளின் மேல் ஓடவிடுகிறார்கள். மின்சாரம் கடத்துகிற இல்மனைட்டும், ரூட்டைல் என்ற இன்னொரு கனிமமும் ஒரு பக்கம் தெறிக்கின்றன. கடத்தாத கார்னெட்டும் சிர்க்கானும் மோனசைட்டும் மறுபக்கம் போகின்றன. அதன்பின் காந்தம். இல்மனைட் காந்தத்துக்கு இழுபடும், ரூட்டைல் இழுபடாது. மோனசைட் லேசாக இழுபடும், சிர்க்கான் இழுபடாது. இப்படி மணியை மணியிடமிருந்து பிரித்துவிடலாம். ஒரே மணிக்குள், ஒரே படிகத்துக்குள் பத்துப் பன்னிரண்டு தனிமங்கள் கலந்து உட்கார்ந்திருந்தால் என்ன செய்வது? அதற்கு மின்சாரமும் காந்தமும் போதாது. அந்த இடத்தில்தான் இரண்டு நூற்றாண்டு வேதியியல் வந்து நிற்கிறது. இந்தத் தனிமங்களைப் பொறுத்தவரை கண்டுபிடிப்பும் பிரித்தெடுப்பும் ஒரே வேலை. யார் பிரித்தாரோ அவரே கண்டுபிடித்தவர். இன்றைக்கும் யாருக்குப் பிரிக்கத் தெரியுமோ அவர் கையில்தான் அவை இருக்கின்றன. நான் சொல்ல வந்தது இது ஒன்றுதான்.

கறுப்புத் துகளைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். இங்கிலாந்தின் கார்ன்வால் பகுதியில் வில்லியம் கிரெகர் என்ற பாதிரியார், ஓடையோரத்துக் கருமணலைச் சோதித்து அதில் அறியப்படாத ஓர் உலோகத்தின் ஆக்சைடு இருப்பதாக 1791-ல் எழுதினார். நான்கு ஆண்டுகளுக்குப் பின் ஜெர்மனியின் கிளாப்ரோத் அதற்கு டைட்டானியம் என்று பெயர் வைத்தார். விமானத்திலும் எலும்பு முறிவுக்கு வைக்கும் தகட்டிலும் டைட்டானியம் உலோகம் இருப்பதை எல்லோரும் அறிவோம். ஆனால் இல்மனைட்டின் பெரும்பங்கு உலோகமாகவே மாறுவதில்லை. அது வெள்ளை நிறமியாகிறது. இந்த மண்டபத்தின் சுவரில் அடித்திருக்கும் வெள்ளைப் பெயின்ட் அந்தக் கறுப்பு மணலிலிருந்து வந்ததாகவே இருக்கும்.

இனி மோனசைட். இந்திய மோனசைட்டில் பாதிக்கு மேல் சீரியம், லாந்தனம், நியோடிமியம் முதலிய அருமண் தனிமங்களின் ஆக்சைடுகள், எட்டு முதல் பத்து சதவீதம் தோரியம் ஆக்சைடு, சிறிதளவு யுரேனியம், மிச்சம் பாஸ்பேட். அருமண் தனிமங்கள் மண்ணில் அவ்வளவு குறைவானவை அல்ல. பூமியின் மேலோட்டில் சீரியத்தின் அளவு ஏறக்குறைய செம்பின் அளவுக்குச் சமம். நியோடிமியம் ஈயத்தைவிட அதிகம். ஆனாலும் செம்பும் ஈயமும் ஆயிரக்கணக்கான ஆண்டுகளாக நம்மிடம் இருக்க, இவை நேற்று வந்தவை. காரணம், இவை ஒன்றைவிட்டு ஒன்று பிரிவதில்லை.

ஸ்வீடனில் பாஸ்ட்னேஸ் என்ற இடத்தில் ஒரு சுரங்கம் இருந்தது. அங்கே கிடைத்த கனமான கல் ஒன்றை, சுரங்கக்காரக் குடும்பத்தைச் சேர்ந்த ஹிசிங்கர் சிறுவனாக இருக்கும்போதே புகழ்பெற்ற வேதியியலாளர் ஷீலேவுக்கு அனுப்பினார். புதிதாக ஒன்றும் இல்லை என்று பதில் வந்தது. ஹிசிங்கர் விடவில்லை. வளர்ந்த பிறகு பெர்சீலியஸ் என்ற இளைஞரோடு சேர்ந்து அதே கல்லை மறுபடி ஆராய்ந்தார். 1803-ல் சீரியம் வெளிப்பட்டது. அதே ஆண்டில் பெர்லினில் கிளாப்ரோத்தும் தனியாக அதைக் கண்டறிந்தார். அப்போது கையில் கிடைத்தது சீரியம் மட்டுமே என்று எல்லோரும் நம்பினார்கள்.

முப்பத்தாறு ஆண்டுகள் கழித்து, பெர்சீலியஸின் மாணவர் மோசாண்டர் அந்தச் சீரியத்தைச் சந்தேகித்தார். சீரியம் நைட்ரேட்டைச் சூடாக்கிப் பாதி சிதையவிட்டு, நீர்த்த நைட்ரிக் அமிலம் ஊற்றினார். ஒரு பகுதி கரைந்தது, மறுபகுதி கரையவில்லை. கரைந்து வந்ததில் வேறொரு தனிமம் இருந்தது. அதுதான் லாந்தனம். அதோடும் நிறுத்தாமல் லாந்தனத்தையே மறுபடி குடைந்தார். இரண்டொரு ஆண்டில் டிடிமியம் என்று இன்னொன்று வந்தது. லாந்தனத்தின் இரட்டைப் பிறவி என்ற பொருளில் வைத்த பெயர் அது. மெண்டலீவின் 1869 அட்டவணையிலேயே டிடிமியத்துக்குத் தனி இடம் உண்டு. இன்றைய அட்டவணையில் தேடிப் பாருங்கள், இருக்காது. ஏனென்றால் அது ஒரு தனிமமே அல்ல.

அதை உடைத்துக் காட்டியவர் வியன்னாவைச் சேர்ந்த கார்ல் அவர் ஃபான் வெல்ஸ்பாக். ஹைடல்பர்க்கில் பன்சனிடம் படித்தவர். பன்சனிடம் படித்தவர் என்றால் நிறமாலையைப் படிக்கத் தெரிந்தவர் என்று பொருள். டிடிமியத்தை அம்மோனியம் நைட்ரேட்டோடு சேர்த்த இரட்டை உப்பாக்கிக் கரைப்பார். பாதியைப் படிகமாக விடுவார். படிகத்தை மறுபடி கரைப்பார். மறுபடி பாதியைப் படிகமாக்குவார். இப்படியே மாதக்கணக்கில். கடைசியில் ஒரு முனையில் இலைப்பச்சை உப்பும், மறுமுனையில் இளஞ்சிவப்பும் ஊதாவும் கலந்த உப்பும் சேர்ந்தன. 1885-ல் வியன்னா அறிவியல் கழகத்தில் அறிவித்தார். பச்சை உப்புக்குப் பிரேசியோடிமியம், மற்றதற்கு நியோடிமியம். ஒரு தனிமம் என்று நாற்பது ஆண்டுகளுக்கு மேல் பாடப்புத்தகத்தில் இருந்தது, அன்றைக்கு இரண்டாயிற்று.

இதே வெல்ஸ்பாக் நம் ஊர்த் திருவிழாக்களுக்கும் ஒரு வெளிச்சத்தைக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார். பெட்ரோமாக்ஸ் விளக்கைப் பற்ற வைப்பதை இங்குள்ள மூத்தவர்கள் எத்தனையோ முறை பார்த்திருப்பார்கள். பட்டு வலைபோன்ற மேண்டிலைக் குழாயின் முனையில் நூலால் கட்டுவார்கள். கிண்ணத்தில் ஸ்பிரிட் ஊற்றிச் சூடேற்றுவார்கள். பம்ப் அடிக்க அடிக்க மண்ணெண்ணெய் ஆவியாகி உஸ்ஸென்று மேலே வரும். வலை முதலில் கறுகும், சுருங்கும், பிறகு வெள்ளையாகி, சட்டென்று கண்கூசப் பிரகாசிக்கும். அந்த நேரத்தில் வலை என்று ஒன்றும் அங்கே இல்லை. நூலிழை எரிந்து போய்விட்டது. அதில் ஊறியிருந்த தோரியம், சீரியம் நைட்ரேட்டுகள் ஆக்சைடுகளாகி, இழையின் வடிவத்தில் எலும்புக்கூடாக நிற்கின்றன. அதனால்தான் ஒரு ஈசல் மோதினாலும் உதிர்ந்துவிடும் என்று விளக்குக்காரர் யாரையும் பக்கத்தில் விடமாட்டார்.

1885-ல் அவர் முதலில் செய்த மேண்டில் பச்சைச் சாயல் கொண்ட ஒளி தந்தது. மக்களுக்குப் பிடிக்கவில்லை, வியாபாரம் நொடித்துப்போனது. பிறகு தோரியத்துக்கு மாறினார். முதலில் நல்ல வெளிச்சம். தோரியத்தை மேலும் மேலும் சுத்தப்படுத்தியபோது வெளிச்சம் குறைந்துகொண்டே வந்தது. சுத்தம் கூடக்கூட ஒளி மங்குகிறதென்றால் ஒளி தந்தது தோரியம் அல்ல, அதில் ஒட்டிக்கொண்டிருந்த வேறொன்று. தேடிப் பிடித்தார்கள், அது சீரியம். 99 பங்கு தோரியம் ஆக்சைடு, 1 பங்கு சீரியம் ஆக்சைடு என்ற விகிதம் 1891-ல் நிலைத்தது. சீரியம் கூடினால் ஒளி மஞ்சளாகும், இல்லாவிட்டால் மங்கும். பிரிக்கத் தெரிந்த மனிதருக்கே இப்படிப்பட்ட நூறில் ஒரு பங்கு கண்ணில் படும். வேதியியல் வரலாற்றில் எனக்கு மிகவும் பிடித்த நிகழ்ச்சிகளில் இது ஒன்று.

தோரியம் எடுத்த பின் சீரியமும் லாந்தனமும் வேண்டாத சரக்காகக் குவிந்தன. அவற்றை இரும்போடு கலந்து உரசினால் தீப்பொறி தெறிப்பதைக் கண்டு 1903-ல் அதற்கும் வெல்ஸ்பாக் காப்புரிமை வாங்கினார். சிகரெட் லைட்டரில் போடும் கல் அதுதான்.

மேண்டில் உலகமெங்கும் பரவியது. தோரியம் வேண்டுமென்றால் மோனசைட் வேண்டும். அன்றைக்கு அது பிரேசில் கடற்கரையிலும் அமெரிக்காவின் கரோலினாவிலும் கிடைத்தது. இந்தச் சமயத்தில் 1909-ல் ஷோம்பெர்க் என்ற ஜெர்மானிய வேதியியலாளர், திருவிதாங்கூரிலிருந்து போன தென்னங்கயிற்றில் ஒட்டியிருந்த மணலில் மோனசைட் மணிகளைக் கண்டார். கடற்கரையில் தும்பு அடித்துக் கயிறு திரித்து ஏற்றி அனுப்பிய நம் பெண்களுக்கு, அந்தக் கயிற்றோடு தோரியமும் கப்பலேறுகிறது என்று தெரிந்திருக்க வழியில்லை. மணல் எங்கிருந்து வந்தது என்று விசாரித்துக்கொண்டே ஷோம்பெர்க் மணவாளக்குறிச்சிக்கு வந்து சேர்ந்தார், ஆலை அமைத்தார். முதல் உலகப்போர் மூண்டதும் ஜெர்மானியர் கையிலிருந்து அது பிரிட்டிஷார் கைக்குப் போயிற்று. அடுத்து வந்த பல ஆண்டுகளுக்கு ஐரோப்பியத் தெருவிளக்குகள் நம் கடற்கரை மணலால் எரிந்தன.

இந்த இடத்தில் இன்னொரு பெயரைச் சொல்லியாக வேண்டும். ஆனந்த குமாரசுவாமி. சிவநடனத்தைப் பற்றியும் இந்தியச் சிற்பத்தைப் பற்றியும் எழுதிய கலை அறிஞராகவே அவரை நாம் அறிவோம். அவர் முறையாகப் படித்தது நிலவியல். இலங்கையின் கனிம ஆய்வுத் துறைக்கு இயக்குநராக இருந்தவர். 1904-ல் அவர் கண்டெடுத்து லண்டனுக்கு அனுப்பிய கனமான கறுப்புக் கனசதுரக் கற்கள் புதிய கனிமம் என்று தெரிந்தது. பெரும்பகுதி தோரியம் ஆக்சைடாக இருந்த அந்தக் கனிமத்துக்குத் தோரியனைட் என்று பெயரிட்டார்கள். அதே நேரத்தில் லண்டனில் வேதியியலாளர் ராம்சேயின் ஆய்வுக்கூடத்துக்கு ஓட்டோ ஹான் என்ற இளம் ஜெர்மானியர் வந்திருந்தார். இலங்கைத் தோரியனைட்டிலிருந்து எடுத்த உப்பில் ரேடியத்தைப் பிரிக்கும் வேலை அவருக்கு. பிரித்துக்கொண்டு போகும்போது எதிர்பாராத கதிர்வீச்சுப் பொருள் ஒன்றைக் கண்டார். ரேடியோதோரியம் என்று பெயர் வைத்தார். பின்னாளில் யுரேனிய அணுவின் பிளவைக் கண்டறிந்த அதே ஹான். கதிரியக்க வேதியியலில் அவருடைய முதல் கண்டுபிடிப்பு இலங்கைக் கல்லில் நிகழ்ந்தது. குமாரசுவாமியைப் பற்றித் தமிழில் எழுதுகிறவர்கள் இந்தப் பக்கத்தையும் சேர்த்து எழுத வேண்டும் என்பது என் நெடுநாள் விருப்பம்.

மின்விளக்கு வந்ததும் மேண்டிலின் காலம் சரிந்தது. அணு யுகம் தொடங்கியதும் தோரியத்துக்கு வேறொரு மதிப்பு வந்தது. விடுதலையை ஒட்டிய ஆண்டுகளில் இந்தியா மோனசைட்டை வெளியே அனுப்புவதை நிறுத்தியது. 1950-ல் இந்திய அருமண் நிறுவனம் உருவாயிற்று; 1952-ல் கேரளத்தின் ஆலுவாவில் நேரு ஆலையைத் தொடங்கிவைத்தார். அன்றைக்கு அங்கே மோனசைட்டை அரைத்து எரிசோடாவில் வேகவைத்தார்கள். பாஸ்பேட் தனியே வந்துவிடும். மிஞ்சிய கட்டியில் அளவோடு ஹைட்ரோகுளோரிக் அமிலம் சேர்த்தால் அருமண்கள் கரையும், தோரியம் அடியில் தங்கும். அந்தத் தோரியத்திலிருந்து பெறும் யுரேனியம் 233-ஐ எரிபொருளாகக் கொண்ட காமினி என்ற சிறிய அணு உலை 1996-லிருந்து கல்பாக்கத்தில் இருக்கிறது.

தோரியத்தை ஒதுக்குவது சுலபமான பிரிவு. அருமண்களை ஒன்றிலிருந்து ஒன்று பிரிப்பதுதான் கடினம். ஏன் என்று மாணவர்கள் கேட்பீர்கள். லாந்தனத்திலிருந்து லுடீசியம் வரை போகும்போது கூடுகிற எலக்ட்ரான்கள் வெளிக்கூட்டில் சேர்வதில்லை. உள்ளே 4எஃப் ஆர்பிட்டாலில் போய் அடங்குகின்றன. வெளியே தெரிகிற முகம் எல்லாவற்றுக்கும் ஒன்றுதான். அயனியின் ஆரம் மட்டும் படிப்படியாகச் சுருங்குகிறது. லாந்தனத்தில் 103 பிக்கோமீட்டர், பதினான்கு படி தாண்டி லுடீசியத்தில் 86. அதாவது பக்கத்துப் பக்கத்துத் தனிமங்களுக்கு நடுவே வித்தியாசம் ஒரு பிக்கோமீட்டருக்குச் சற்று அதிகம். அந்த இழையளவு வித்தியாசத்தைப் பிடித்துக்கொண்டுதான் பிரித்தாக வேண்டும். அமெரிக்காவின் நியூ ஹாம்ப்ஷயரில் சார்லஸ் ஜேம்ஸ் என்ற பேராசிரியர் தூய தூலியம் உப்பைப் பெற ஏறக்குறைய 15,000 முறை படிகமாக்கினார். 1911-ல் அதை வெளியிட்டார். ஒவ்வொரு முறையும் கரைக்க வேண்டும், காய்ச்ச வேண்டும், ஆறவிட வேண்டும், வடிக்க வேண்டும். இந்த எண்ணை நான் முதலில் படித்தபோது புத்தகத்தை மூடிவைத்துவிட்டுச் சற்று நேரம் சும்மா இருந்தேன்.

இரண்டாம் உலகப்போருக்குப் பின் அயோவா மாநிலத்தின் ஏம்ஸ் நகரில் ஸ்பெடிங் குழுவினர் அயனிப் பரிமாற்றப் பிசின் நிரப்பிய உயரமான குழாய்களில் கரைசலை மெல்ல ஒழுகவிட்டு, ஜேம்ஸின் ஆயுட்கால வேலையைச் சில வாரங்களில் செய்தார்கள். அடுத்து வந்தது கரைப்பான் முறை. அருமண் உப்பு கரைந்த நீரையும், மண்ணெண்ணெய் போன்ற எண்ணெயில் கலந்த கரிமச் சேர்மத்தையும் ஒரு தொட்டியில் கலக்கிவிட்டு ஓயவிடுவார்கள். எண்ணெய் மேலே, நீர் கீழே. ஒரு தனிமம் எண்ணெய்க்குச் சற்று அதிகம் போகும், அடுத்தது சற்றுக் குறைவாகப் போகும். ஒரு தொட்டியில் கிடைக்கும் லாபம் அற்பம். நூற்றுக்கணக்கான தொட்டிகளை வரிசையாக வைத்து, எண்ணெயை ஒரு திசையிலும் நீரை எதிர்த்திசையிலும் ஓட்டினால் இரு முனையிலும் தூய சரக்கு வந்து நிற்கும். இன்று உலகம் முழுவதும் நடப்பது இதுதான்.

பிரித்தெடுத்த பிறகு ஒவ்வொன்றும் தன் தனிக் குணத்தைக் காட்டியது. லாந்தனம் சேர்த்த கண்ணாடி கேமரா லென்சுக்குப் போயிற்று. சீரியம் ஆக்சைடு கண்ணாடியை மெருகேற்றவும், வாகனப் புகையைச் சுத்தப்படுத்தவும் உதவுகிறது. யூரோப்பியத்தால் 1960-களில் வண்ணத் தொலைக்காட்சிக்கு நல்ல சிவப்பு கிடைத்தது. எர்பியம் கலந்த இழை, கடலடி கேபிளில் மங்கிவரும் ஒளிச் சைகையை ஒளியாகவே வைத்துப் பெருக்குகிறது. கண்புரை அறுவை செய்துகொண்ட பெரியவர்களுக்குச் சில மாதமோ சில ஆண்டோ கழித்து மறுபடி பார்வை மங்கினால், மருத்துவர் யாக் லேசர் வைப்பார். யிட்ரியம் படிகத்துக்குள் நியோடிமியத்தைக் கலந்து பிறப்பித்த அகச்சிவப்பு ஒளி அது.

எல்லாவற்றையும்விடப் பெரிய மாற்றத்தைச் செய்தது நியோடிமியக் காந்தம். 1980-களின் தொடக்கத்தில் ஜப்பானில் மசாட்டோ சகாவாவும் அமெரிக்காவில் ஜான் குரோட்டும் தனித்தனியே ஒரே சேர்மத்தில் வந்து முட்டினார்கள். இரண்டு நியோடிமியம், பதினான்கு இரும்பு, ஒரு போரான். அதுவரை அருமண் காந்தம் என்றால் சமாரியமும் கோபால்ட்டும்தான். இரண்டும் விலை அதிகம். இது மலிவு, ஆற்றலும் அதிகம். இங்கே மணலை இழுத்துக்காட்டிய காந்தம் இந்த வகை. ஒரு குறை உண்டு. சூடேறினால் வலு இழக்கும். அதற்கு டிஸ்புரோசியம் கொஞ்சம் சேர்க்கிறார்கள். ஓசூரில் தயாராகும் மின்ஸ்கூட்டர் மோட்டார், காற்றாலை, காதில் செருகும் இயர்போன் எல்லாம் இந்தக் காந்தத்தை நம்பியவை.

ஒரே மணிக்குள் இரண்டு தனிமங்கள் ஒளிந்திருந்த கதை மோனசைட்டோடு முடியவில்லை. கண்ணாடிச் சில்லுபோல இருந்த சிர்க்கானுக்கு வருகிறேன். 1789-ல் கிளாப்ரோத் இலங்கையிலிருந்து போன சிர்க்கான் கல்லில் சிர்க்கோனியத்தைக் கண்டறிந்தார். மாத்தறை வைரம் என்று அந்தக் காலத்தில் விற்ற வெள்ளைக் கல்லும் சிர்க்கான்தான். அதன்பின் 130 ஆண்டுகளுக்கு மேல் சிர்க்கோனியத்தைக் கையாண்ட ஒவ்வொருவரும் கூடவே இன்னொரு தனிமத்தையும் தெரியாமல் கையாண்டார்கள்.

அதைக் காட்டிக்கொடுத்தது எக்ஸ்கதிர். ஹென்றி மோஸ்லி 1913-ல் ஒவ்வொரு தனிமத்துக்கும் எக்ஸ்கதிர் வரிகளைக் கொண்டு அணு எண் கொடுக்கும் வழியைக் கண்டார். 72-ஆம் இடம் காலியாக இருந்தது. மோஸ்லி 1915-ல் கலிப்போலிப் போர்முனையில் 27 வயதில் இறந்துபோனார். அந்த இழப்பை நினைத்தால் இப்போதும் மனம் ஆறுவதில்லை. 72 ஓர் அருமண் என்று பிரான்சின் உர்பேன் வாதிட்டார். அப்படி இருக்க முடியாது, அது சிர்க்கோனியத்தின் உறவாகவே இருக்கும் என்றார் நீல்ஸ் போர். அவருடைய கோப்பன்ஹேகன் நிறுவனத்தில் இருந்த கோஸ்டரும் ஹெவெசியும் நார்வே நாட்டுச் சிர்க்கானை எக்ஸ்கதிரில் பார்த்தார்கள். 72-க்கு உரிய வரிகள் தெளிவாகத் தெரிந்தன. போர் அப்போது நோபல் பரிசு பெற ஸ்டாக்ஹோமில் இருந்தார். 1922 டிசம்பரில் அவர் பரிசு உரை ஆற்றும் தருணத்தில் கோஸ்டரின் தொலைபேசிச் செய்தி வந்து சேர்ந்தது. உரையிலேயே அதைச் சொன்னார். கோப்பன்ஹேகனின் பழைய இலத்தீன் பெயரைக் கொண்டு ஹாஃப்னியம் என்று பெயர் வைத்தார்கள்.

இவ்வளவு காலம் அது ஏன் தெரியவில்லை? சற்று முன் சொன்ன அந்தச் சுருக்கமே காரணம். அருமண் வரிசையில் படிப்படியாகச் சுருங்கி வந்ததால், அதற்கு அடுத்து வரும் ஹாஃப்னியம் தனக்கு மேல் கட்டத்தில் இருக்கும் சிர்க்கோனியத்தின் அதே பருமனுக்கு வந்துவிட்டது. வேதியியலில் இரண்டும் ஒன்றுபோலவே நடந்துகொள்ளும். அணு உலைக்குள் மட்டும் நேர் எதிர். சிர்க்கோனியம் நியூட்ரானை அநேகமாகத் தொடாது, அதனால் எரிபொருள் குழாய் செய்ய ஏற்றது. ஹாஃப்னியம் ஏறக்குறைய 600 மடங்கு நியூட்ரானை விழுங்கும், அதனால் உலையை அடக்கும் தண்டுக்கு ஏற்றது. கலந்து இருந்தால் சிர்க்கோனியம் உலைக்கு உதவாது. தூத்துக்குடி மாவட்டம் பழையகாயலில் 2009-ல் தொடங்கிய சிர்க்கோனிய ஆலை இந்தப் பிரிப்பைத்தான் செய்கிறது. இந்திய அணுமின் நிலையங்களின் எரிபொருள் குழாய்கள் அப்படிப் பிரித்தெடுத்த சிர்க்கோனியத்தால் ஆனவை. பிரிந்து வந்த ஹாஃப்னியமும் வீண்போகவில்லை. நியோபியத்தோடு பத்து சதவீதம் ஹாஃப்னியம் சேர்த்த உலோகக் கலவை அப்போலோ விண்கலத்தின் ராக்கெட் கூம்பில் இருந்தது. 2007-லிருந்து கணினிச் சில்லுகளின் டிரான்சிஸ்டர்களில் ஹாஃப்னியம் ஆக்சைடு இருக்கிறது.

இனி கசப்பான பகுதி. இன்று உலகத்தின் அருமண் பிரிப்பில் பெரும்பங்கு சீனாவிடம். உள்மங்கோலியாவின் பயான் ஓபோ சுரங்கம் பெரியது என்பது மட்டும் காரணமாகாது. பீக்கிங் பல்கலைக்கழகத்தின் ஷூ குவாங்சியன் என்ற வேதியியலாளரிடம் 1970-களில் ஒரு வேலை ஒப்படைக்கப்பட்டது. பிரேசியோடிமியத்தையும் நியோடிமியத்தையும் பிரிக்க வேண்டும். வெல்ஸ்பாக் உடைத்த அதே இரட்டை. தொட்டி வரிசையில் எத்தனை படி, எந்த வேகம், எந்த விகிதம் என்பதைக் கணக்கிலேயே முன்கூட்டிச் சொல்லும் கோட்பாட்டை அவர் உருவாக்கினார். அதைப் பாடமாக்கித் தொழிற்சாலைகளுக்குச் சொல்லிக்கொடுத்தார்கள். 2010-ல் சீனாவிலிருந்து ஜப்பானுக்கு அருமண் வரத்து தடைப்பட்டபோது உலகம் விழித்துக்கொண்டது. 2025 ஏப்ரலில் சமாரியம், கடோலினியம், டெர்பியம், டிஸ்புரோசியம், லுடீசியம், ஸ்காண்டியம், யிட்ரியம் ஆகிய ஏழுக்கும் சீனா ஏற்றுமதிக் கட்டுப்பாடு விதித்ததும், காந்தம் எப்போது வரும் என்று நம் வாகன ஆலைகளும் கவலைப்படும் நிலை வந்தது. மோனசைட்டை மடியில் வைத்துக்கொண்டிருக்கும் நாடு அப்படிக் கவலைப்பட நேர்ந்தது எனக்கு வேதனையாக இருக்கிறது.

இதற்கு உடனே சொல்லப்படும் பதில், இன்னும் அதிகம் தோண்ட வேண்டும் என்பது. நம் மாவட்டத்தின் கிள்ளியூர் வட்டத்தில் ஆயிரம் ஹெக்டேருக்கு மேல் மணல் எடுக்கும் திட்டத்துக்கு எழுந்த எதிர்ப்பை நீங்கள் எல்லோரும் அறிவீர்கள். மீனவ கிராமத்து மக்களின் அச்சத்தை அறியாமை என்று ஒதுக்குகிறவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை. மலேசியாவில் ஈப்போ அருகே புக்கிட் மேராவில் மோனசைட்டிலிருந்து அருமண் எடுத்த ஆலையின் தோரியக் கழிவால் மக்கள் பட்ட பாடும், அவர்கள் நடத்திய வழக்கும், 1990-களில் ஆலை மூடப்பட்டதும் பதிவான வரலாறு. கேரளத்தின் கருநாகப்பள்ளியில் இயற்கையாகவே கதிர்வீச்சு அதிகமுள்ள மண்ணில் வாழும் மக்களைப் பல ஆண்டுகள் தொடர்ந்து ஆராய்ந்தார்கள். அந்தக் கதிர்வீச்சால் புற்றுநோய் கூடியதாகத் தெரியவில்லை என்றது அந்த ஆய்வு. அதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். ஆனால் கடற்கரையில் மணலாகக் கிடக்கும் தோரியம் வேறு, ஆலையில் செறிவூட்டப்பட்டுக் கழிவாகத் தேங்கும் தோரியம் வேறு. எங்கே எவ்வளவு எடுக்கிறார்கள், கழிவு எங்கே போகிறது, அளவீடு என்ன என்பதை ஒவ்வோர் ஊர் மக்களுக்கும் தமிழில் எழுதி ஒட்டிவைக்க வேண்டிய கடமை எடுக்கிறவர்களுக்கு உண்டு.

தோண்டுவதில் நம் நாடு பின்தங்கியிருப்பதாக நான் கருதவில்லை. பிரித்தபின் உலோகமாக்கி, உலோகத்தைக் காந்தமாக்கும் படிகளில்தான் பின்தங்கியிருக்கிறோம். இன்று மோனசைட்டை ஒடிசாவின் சத்ரபூரில் வேதிமுறையில் உடைக்கிறார்கள். கிடைக்கும் கலவை ஆலுவாவுக்கு வந்து தனித்தனி அருமண்களாகப் பிரிகிறது. 2023-ல் விசாகப்பட்டினத்தில் சமாரியம் கோபால்ட் காந்த ஆலை தொடங்கியது நல்ல செய்தி. அதன் ஆண்டுக் கொள்ளளவு 3,000 கிலோ. ஒரு பெரிய நாட்டின் மோட்டார் தொழிலுக்கு நியோடிமியக் காந்தம் வேண்டும், அது ஆயிரக்கணக்கான டன் கணக்கில் வேண்டும். அதற்கு முதலீடு ஒரு பாதி. மறுபாதி, கரைப்பான் முறையில் கைதேர்ந்த வேதியியலாளர்களும் பொறியாளர்களும். இந்த மாவட்டத்துக் கல்லூரிகளில் வேதியியல் படிக்கும் பிள்ளைகளுக்கு அருமண் பிரிப்பு ஒரு பக்கத்தில் முடிந்துபோகும் பாடமாக இருக்கக் கூடாது. இரண்டு குடுவையும் ஒரு பிரிபுனலும் இருந்தால் கரைப்பான் முறையின் முதல் படியைக் கல்லூரி ஆய்வுக்கூடத்திலேயே செய்து பார்க்கலாம். அதற்கான உப்பும் சேர்மமும் என்னென்ன, பாதுகாப்பாகச் செய்வது எப்படி என்று எழுதி எடுத்து வந்திருக்கிறேன். ஆசிரியர்கள் கூட்டம் முடிந்ததும் வாங்கிக்கொள்ளலாம். இப்போது உங்கள் கேள்விகளைக் கேளுங்கள்.